தன்னை நோக்கிச் சில அடிகள்

மாயா டெரனின் 'மெஷஸ் ஆஃப் தி ஆஃப்டர்நூன்' குறும்படத்தில் நாயகியின் முகத்தைப் பார்க்க நாம் காத்திருக்க வேண்டும். பாதையில் கிடக்கும் பூவை எடுக்கும் கை, படியேறும் கால், சுவரில் விழும் நிழல், இவ்வளவுதான் முதலில் கிடைக்கிறது. வீட்டுக்குள் வந்தவள் நாற்காலியில் சாய்ந்து கண்மூடுகிறாள். கனவில்தான் முகம் தெரிகிறது. தெரிந்ததும் ஒன்று இரண்டாகிறது, இரண்டு மூன்றாகிறது.

1943-இல் லாஸ் ஏஞ்சல்ஸில் தாங்கள் குடியிருந்த வீட்டிலேயே டெரனும் கணவர் அலெக்சாண்டர் ஹாமிடும் 16 மி.மீ. கேமராவில் எடுத்த, சுமார் 14 நிமிடப் படம் இது. நடித்தவர்களும் அவர்களே. கீவ் நகரில் எலியனோராவாகப் பிறந்தவர் மாயா என்று பெயர் மாற்றிக்கொண்டதும் அந்தக் காலத்தில்தான்.

கறுப்பு அங்கி அணிந்த ஓர் உருவம் பாதையில் போகிறது. அதற்கு முகம் இருக்க வேண்டிய இடத்தில் கண்ணாடி. அதைத் துரத்தி ஓடும் தன்னையே ஜன்னல் வழியாகப் பார்க்கிறாள் இன்னொரு மாயா. பிறகு மூவரும் ஒரே மேசையில் உட்கார்ந்து முறைபோட்டுச் சாவியை எடுக்கிறார்கள். மூன்றாமவள் கையில் அது கத்தியாகிவிடுகிறது.

அவள் கத்தியோடு எழுந்து, உறங்கும் தன்னை நோக்கி நடக்கும் அந்தச் சில நொடிகளுக்காகவே இந்தப் படத்தைத் திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். ஓர் அடி கடற்கரை மணலில், ஓர் அடி புல்லில், அடுத்தது நடைபாதையில், அதற்கடுத்தது அறையின் விரிப்பில். நிலம் மாறுகிறது, நடை அறுபடவில்லை. ஒரே அறைக்குள் இருக்கும் தன்னிடம் போய்ச்சேர ஒருத்தி உலகத்தையே கடக்க வேண்டியிருக்கிறது. இதைச் சொல்ல வசனம் தேவைப்படவில்லை, படத்தொகுப்பே சொல்லிவிடுகிறது. முடிவில் வரும் மரணக் காட்சிகூட இதன் பக்கத்தில் எனக்குச் சாதாரணமாகத்தான் படுகிறது.

சாவிக்கும் கத்திக்கும் ஃபிராய்டைத் துணைக்கழைத்து அர்த்தம் சொன்னவர்கள் உண்டு. டெரனுக்கு அது பிடிக்கவில்லை. அவர் பக்கம்தான் நியாயம். அகராதி வைத்து இந்தப் படத்தைப் படித்தால் அந்த நடை கண்ணில் படாமலே போய்விடும்.

இன்று பரவலாகக் கிடைக்கும் பிரதியில் உள்ள டெய்ஜி இடோவின் இசை 1959-இல் சேர்க்கப்பட்டது. டெரன் எடுத்தது மௌனப்படம். முதல்முறை பார்ப்பவர்கள் ஒலியை நிறுத்திவிட்டுப் பாருங்கள்.