நேரங்குறித்த எழுத்து: முன்கூட்டியே நிரற்படுத்தப்படும் சமூக ஊடகப் பதிவுகள் பற்றிய ஒரு விமர்சன நோக்கு

எழுத்து எழுதப்படும் கணமும் அது வாசகனைச் சென்றடையும் கணமும் ஒன்றல்ல என்பது இலக்கிய மாணவர் அனைவரும் அறிந்ததொன்றே. ஏட்டுச்சுவடிக் காலத்திலும் அச்சியந்திரக் காலத்திலும் இவ்விரு கணங்களுக்குமிடையே ஓர் இடைவெளி இருந்தே வந்துள்ளது. ஆயின் அவ்விடைவெளியை ஆள்பவர் யார், யாருடைய நலன் கருதி அது ஆளப்படுகின்றது என்னும் வினாக்கள் நமது விமர்சனத்தில் போதியளவு எழுப்பப்பட்டதில்லை. சமூக ஊடகப் பதிவுகளை முன்கூட்டியே எழுதி, அவை வெளிவர வேண்டிய நாளையும் மணியையும் குறித்து வைக்கும் வழக்கம் இவ்வினாக்களைத் தவிர்க்க முடியாதனவாக ஆக்கியுள்ளது.

இவ்வழக்கத்தின் வரலாறு குறுகியது. 2008இல் கனடாவின் வான்கூவர் நகரில் தோன்றிய ஹூட்சூட், 2010இல் தோன்றிய பஃபர் ஆகிய நிறுவனங்கள் இவ்வசதியை விற்பனைப் பண்டமாக்கின. 2012இல் முகநூல் தனது பக்கங்களுக்கு இவ்வசதியை வழங்கியது. ருவிற்றர் தனது இணையத்தளத்தில் 2020இலும், இன்ஸ்ரகிராம் தனது செயலியில் 2022இலும் இதனைச் சேர்த்துக்கொண்டன. வணிக நிறுவனங்களின் விளம்பரத் தேவைக்கெனப் பெரிதும் வளர்ந்த இக்கருவியை இன்று பத்திரிகைகளும், கட்சிகளும், பதிப்பகங்களும், கவிஞர்களும் கையாளுகின்றனர்.

இது பற்றி இருவகைக் கருத்துக்கள் நிலவுகின்றன. எழுத்தாளனை நேரத்தின் பிடியிலிருந்து விடுவிக்கும் சாதனம் இது என்பர் ஒரு சாரார். உள்ளத்திலிருந்து பீறிட்டெழ வேண்டிய சொல்லைக் கடிகாரத்திடம் ஒப்படைப்பது போலித்தனம் என்பர் மறுசாரார். முன்னையோர் கருவியைக் கண்டு, அதன் உடைமையாளரைக் காணத் தவறுகின்றனர். பின்னையோர், சிருஷ்டி என்பதே உழைப்பு என்பதை மறந்து, அதனைத் தெய்வீக ஆவேசமாகக் கருதும் பழைய கற்பனாவாதத்தை மீட்டுரைக்கின்றனர். இவ்விரு நோக்குகளும் நம்மை நெடுந்தூரம் அழைத்துச் செல்லமாட்டா.

முதலில் பொருள்கொள்ளல் பற்றிய பிரச்சினையை நோக்குவோம். 2013 ஜனவரியில், மாட்டிறைச்சி எனக் குறிப்பிட்டு விற்கப்பட்ட பண்டங்களிற் குதிரையிறைச்சி கலந்திருந்தமையை அயர்லாந்து உணவுப் பாதுகாப்பு அதிகாரசபை வெளிப்படுத்தியது. பிரித்தானியாவின் பெரும் விற்பனை நிறுவனமான ரெஸ்கோ விற்ற பண்டமொன்றும் அவற்றுள் அடங்கும். அவ்வேளையில் அந்நிறுவனத்தின் வாடிக்கையாளர் சேவைக் கணக்கிலிருந்து, உறங்கச் செல்வதாகக் கூறும் சாதாரணப் பதிவொன்று வெளிவந்தது. உறங்கச் செல்லுதலை வைக்கோலிற் சாய்தல் எனக் கூறும் ஆங்கில வழக்கு அதிற் கையாளப்பட்டிருந்தது. குதிரை பற்றிய செய்தியால் நாடே கொதித்திருந்த வேளையில் 'வைக்கோல்' என்னும் சொல் வேறு பொருள் தந்தது. விவகாரம் தெரியவருமுன் நேரங்குறிக்கப்பட்ட பதிவு அது என விளக்கி, நிறுவனம் மன்னிப்புக் கோரியது.

இந்நிகழ்ச்சி நகைப்புக்குரியதாகத் தோன்றினும் அதன் கோட்பாட்டு முக்கியத்துவம் பெரிது. எழுதப்பட்டபோது இருந்த சொற்களே வெளிவந்தபோதும் இருந்தன, ஓரெழுத்தேனும் மாறவில்லை. ஆயினும் பொருள் முற்றாக மாறிவிட்டது. பிரதிக்கு வெளியே எதுவுமே விமர்சகனுக்கு வேண்டுவதில்லை எனக் கூறும் உருவவாதிகள் இதற்கு என்ன விடையளிப்பர்? சொல்லின் பொருள் சொல்லுக்குள் மாத்திரம் உறைவதில்லை. குறிப்பிட்ட சமுதாயத்தின் குறிப்பிட்ட கணத்திலேயே அது நிறைவு பெறுகின்றது. நேரங்குறித்தவர், தாம் அறியாத எதிர்காலக் கணமொன்றும் இன்றைய கணத்தைப் போன்றே அமையும் என எடுத்துக்கொள்கின்றார். சந்தை தடையின்றி இயங்கும், நாளையும் இன்று போலவே விடியும் என்ற நம்பிக்கை இதனடியில் உள்ளது. வரலாறு அசையாது எனக் கருதும் வர்க்கத்துக்கு இந்நம்பிக்கை இயல்பானதே.

அடுத்து, இலக்கிய வடிவத்துக்கும் வெளியீட்டு நேரத்துக்கும் உள்ள தொடர்பு. நாவல் நெடுங்காலம் தவணை முறையிலேயே வாசகரைச் சென்றடைந்தது. டிக்கன்ஸின் 'பிக்விக் பேப்பர்ஸ்' 1836 முதல் 1837 வரை மாதந்தோறும் ஒரு ஷில்லிங் விலையில் வெளியிடப்பட்டது. தமிழிலே ராஜம் ஐயரின் 'கமலாம்பாள் சரித்திரம்' 1893 முதல் 'விவேக சிந்தாமணி'யிலே தொடராக வந்தது. இம்முறையும் முதலாளித்துவ அச்சுத் தொழிலின் விளைவே. ஆயினும் அதிலே ஒரு முரண்நிலை தொழிற்பட்டது. தவணை நாள் எழுத்தாளனையும் பிணித்தது. அடுத்த பகுதி எழுதப்படுமுன் முன்னைய பகுதி வாசகர் கையில் இருந்தது. 'பிக்விக்'கின் நான்காம் பகுதியிலே சாம் வெல்லர் என்னும் தொழிலாளப் பாத்திரம் தோன்றியபின் விற்பனை பெருகியமையும், அப்பாத்திரம் நாவலின் மையத்துக்கு வந்தமையும் இலக்கிய வரலாற்றிற் பதிவானவை. வாசகன் பண்டத்தை வாங்குபவனாக இருந்தபோதிலும், படைப்பின் போக்கைச் சிறிதளவேனும் பாதிக்கக்கூடியவனாகவும் இருந்தான்.

இதனோடு ஜெனிபர் ஈகனின் 'கறுப்புப் பெட்டி' என்னும் சிறுகதையை ஒப்பிடுதல் பயனுடையது. 'நியூ யோர்க்கர்' சஞ்சிகை 2012 மே 24 தொடக்கம் பத்து இரவுகள், எட்டு மணி முதல் ஒன்பது மணி வரை, நிமிடத்துக்கொன்றாக இதனை ருவிற்றரில் வெளியிட்டது. இக்கதை கணப்பொழுதிற் பிறந்ததன்று. பக்கத்துக்கு எட்டுக் கட்டங்கள் அச்சிட்ட ஜப்பானியக் குறிப்பேட்டிலே கையால் எழுதி, இடைவிட்டு ஓராண்டு காலம் செப்பனிடப்பட்டது. உடனடித் தன்மையே நேர்மையின் அடையாளம் என்போருக்கு இதுவே தக்க மறுப்பாகும்.

கதையின் நாயகி எதிர்கால உளவுப் பணியொன்றில் ஊதியமின்றி ஈடுபடும் பெண். அவளுடைய உடலிற் கருவிகள் பொருத்தப்பட்டுள்ளன. தனது உடலுக்கு நேர்வதிலிருந்து தன்னையே பிரித்துக்கொள்ளும் உத்தி அவளுக்குப் பயிற்றப்பட்டுள்ளது. அவள் இறப்பினும் உடலிலுள்ள தகவல் மீட்கப்படும்; உடலே கறுப்புப் பெட்டி. அவளது அனுபவம் முழுவதும் பிறருக்கான அறிவுறுத்தல்களாகவே மொழியப்படுகின்றது. அந்நியமாதலை இத்துணைச் செறிவாக வடித்த கதைகள் அண்மைக்கால ஆங்கில இலக்கியத்தில் அதிகமில்லை எனலாம். நிமிடத்துக்கொன்றாக வந்த குறுவாக்கியங்கள் அறிவுறுத்தலின் தொனிக்கு முற்றிலும் பொருந்தின. இவ்வகையில் உருவமும் உள்ளடக்கமும் இயைந்தன.

எனினும் வெளியீட்டு முறையை நோக்குமிடத்து, கதை எதனைச் சித்திரிக்கின்றதோ அதனையே அது வாசகர்மீது நிகழ்த்தியும் விடுகின்றது. முற்றுப்பெற்ற பிரதியொன்றே துண்டுதுண்டாக விடப்பட்டது. டிக்கன்ஸின் வாசகனுக்கிருந்த சிறு இடம்கூட இங்கில்லை. எழுத்தாளர் தமது பணியை முடித்துச் சென்றுவிட்டார். வாசகன் மட்டும் மணிக்கூட்டின் முன் காத்திருக்கின்றான்.

காத்திருக்கும் அந்த மணிநேரம் யாருடையது? ஈ. பி. தொம்சன் 1967இல் எழுதிய புகழ்பெற்ற கட்டுரையிலே, தொழிற்சாலை முதலாளித்துவம் உழைக்கும் மக்களின் கால உணர்வையே மாற்றி அமைத்தமையை விளக்கினார். வேலை நேரத்துக்கு வெளியே உள்ள ஓய்வு நேரமும் சந்தைக்குள் இழுக்கப்படுவதையும், விளம்பரதாரருக்கு விற்கப்படும் பண்டம் பார்வையாளர் கூட்டமே என்பதையும் டலஸ் ஸ்மைத் 1977இல் எடுத்துரைத்தார். பதிவிடச் சிறந்த நேரம் என இன்று பரிந்துரைக்கப்படுவது, மக்கள் தொலைபேசித் திரையை அதிகம் நோக்கும் நேரமே. வேலைக்குப் பயணிக்கும் நேரமும் இரவுணவுக்குப் பிந்திய நேரமும் இவ்வாறே கணக்கிடப்படுகின்றன. இலக்கியம் அந்நேரத்தை நாடும்போது, தானறியாமலே விளம்பரத்துக்கு ஆட்சேர்த்துக் கொடுக்கின்றது.

மேலும், நேரங்குறிக்கும் உரிமைதானும் முழுமையானதன்று. 2012இலே ருவிற்றர் பதிவுகளைக் கால ஒழுங்கிற் காட்டியது. அதனாலேயே ஈகனின் நிமிட ஒழுங்கு சாத்தியமாயிற்று. 2016 பெப்ரவரியில் நிறுவனம் தன் கணிப்பின்படி பதிவுகளைத் தெரிந்து மேலே காட்டும் முறையைப் புகுத்தியது. அதன்பின் எழுத்தாளர் குறிப்பது புறப்படும் நேரத்தையே. சென்றடையும் நேரத்தை நிறுவனம் தீர்மானிக்கின்றது. பதிவுகளை நிரற்படுத்தப் பலரும் கட்டணமின்றிப் பயன்படுத்திய ருவீற்டெக் 2023இல், நிறுவனத்தின் பெயர் எக்ஸ் என மாறியபின், கட்டணம் செலுத்துவோருக்கு மட்டும் உரியதாயிற்று. உற்பத்திச் சாதனம் யார் கையிலோ, இலக்கிய வடிவத்தின் ஆயுளும் அவர் கையிலேயே என்பதற்கு இதனினும் தெளிவான சான்று வேண்டுவதில்லை.

மாற்று வழி இல்லையா? 2014 ஜனவரியில் தேஜு கோல் 'ஹாபிஸ்' என்னும் சிறுகதையை வெளியிட்ட முறை கவனத்துக்குரியது. கதையின் வாக்கியங்களைப் பலரிடம் கொடுத்து, அவரவர் கணக்கிலிருந்து வெளியிடச் செய்து, அவற்றைத் தாம் ஒழுங்குபடுத்தி மறுபகிர்வு செய்தார். தெருவில் வீழ்ந்து கிடக்கும் மனிதனொருவனைச் சுற்றி வழிப்போக்கர் கூடுவதே கதை. பலர் கைகொடுத்தாலன்றிக் கதை நிறைவுறாது என்ற நிலை அதன் உள்ளடக்கத்திலிருந்தே பிறந்தது. நிறுவனத்தின் உடைமை இதனால் மாறிவிடவில்லை என்பது உண்மையே. ஆயின் நேரம் அங்கே மனிதரிடையே பகிரப்பட்டது.

எனவே, முற்போக்கு எழுத்தாளர் இக்கருவியைப் புறக்கணிக்க வேண்டும் என நாம் கூறவில்லை. பகலெல்லாம் உழைத்து இரவில் எழுதும் ஆசிரியைக்கும் தொழிலாளிக்கும், தாம் விழித்திராத நேரத்திலும் தமது சொல் செல்ல வழிவகுப்பது சிறு நன்மையன்று. ஆயின் குறித்த நேரத்தில் எழுத்தை அனுப்பிவிடுவதோடு எழுத்தாளனின் பொறுப்பு முடிந்துவிடுவதில்லை. அது சென்றடையும் கணத்தின் சமூக நிலைமைக்கும், அங்கே எழும் மறுமொழிக்கும் அவன் முகங்கொடுத்தல் வேண்டும். விமர்சகரும், பிரதி எப்போது, எவர் வகுத்த ஒழுங்கில், எவருடைய ஓய்வு நேரத்தில் வாசிக்கப்படுகின்றது என்பதை ஆய்வுக்குரிய பொருளாக ஏற்றல் வேண்டும். அவ்வாய்வு தொடங்கப்படாதவரை, சமகால இலக்கியத்தின் சமூக அடிப்படை பற்றிய நமது கூற்றுக்கள் அரைகுறையாகவே இருக்கும்.