வெட்டியெடுக்கப்பட்ட பாடல்: ஆண்ட்ரூ சோல்ட்டின் தொகுப்பு முறை

அமெரிக்காவின் சிபிஎஸ் தொலைக்காட்சியில் 1948 முதல் 1971 வரை ஞாயிறு இரவுகளில் ஒளிபரப்பான எட் சல்லிவன் நிகழ்ச்சியின் காப்பகத்தை, சல்லிவன் குடும்பத்தாரிடமிருந்து 1990இல் விலைக்கு வாங்கியவர் ஆண்ட்ரூ சோல்ட். ‘இமேஜின்: ஜான் லெனன்’ (1988) ஆவணப்படத்தை இயக்கிய அவர், பழைய படச்சுருள்களைக் கோத்துக் கதைசொல்வதில் முன்பே தேர்ந்தவர். காப்பகம் மீண்டும் மக்கள் பார்வைக்கு வந்ததில் அவர் பங்கு பெரிது. எனினும், வீட்டுக் காணொளிக்கென அவர் உருவாக்கிய ராக் இசைத் தொகுப்புகளின் முறை வினாவிற்குரியது. பாடல்கள் தனியே வெட்டியெடுக்கப்பட்டு, அவற்றின் இனத்தோடு அடுக்கப்படுகின்றன. சல்லிவன் மேடையோ கதம்ப மேடை. ஓபரா, பொம்மலாட்டம், வித்தை, நகைச்சுவை அனைத்தும் ஒரே மணிநேரத்தில் அடுத்தடுத்து வந்தவை. ஆகவே, இத்தொகுப்புகள் நினைவூட்டும் ‘அந்தக் கால’ மாலை எந்த வீட்டிலும் நிகழாத ஒன்று.

அவரது சோஃபா நிறுவனமே 2003இல் பீட்டில்ஸ் தோன்றிய நான்கு நிகழ்ச்சிகளையும் விளம்பரங்களோடு முழுமையாக டிவிடியில் வெளியிட்டது. 1964 பிப்ரவரி 9 நிகழ்ச்சியை அதில் காண்போர், பீட்டில்ஸின் இரு தோற்றங்களுக்கிடையே ஃப்ரெட் காப்ஸின் சீட்டு வித்தையையும், பலகுரல் கலைஞர் ஃப்ராங்க் கோர்ஷினையும், ‘ஆலிவர்!’ நாடகக் குழுவினரையும் கடக்க வேண்டியுள்ளது. அக்குழுவில் பாடிய இளைஞர்களுள் ஒருவர், பின்னாளில் மங்கீஸ் குழுவில் புகழ்பெற்ற டேவி ஜோன்ஸ். அன்று அவரைக் காணவென்று எவரும் தொலைக்காட்சி முன் அமரவில்லை.