வந்த வழி அடைபட்ட பின்

யுத்தப் படமென்றால் வெடிச்சத்தத்துக்காகவே சனங்கள் கூடுகிறார்கள் என்று படித்தவர் சிலர் முகஞ்சுளிப்பதுண்டு. நாம் அவ்வாறு கருதவில்லை. 1945-இல் ரவுல் வால்ஷ் இயக்கிய ‘அப்ஜெக்டிவ், பர்மா!’ என்னும் ஆங்கிலப் படத்தையே எடுத்துக்கொள்வோம். அமெரிக்கச் சிப்பாய்கள் பாராசூட்டில் இறங்கி, ஜப்பானியரின் ராடார் நிலையத்தைத் தகர்க்கிறார்கள். அவ்வேலை விரைவிலேயே முடிந்துவிடுகிறது. மீட்க வந்த விமானம் எதிரிகள் சூழ்ந்ததால் இறங்கவியலாது திரும்புகிறதே, அங்கிருந்துதான் படம் நம்மைப் பற்றுகிறது. அதற்கப்பால் பெரும்பகுதி நடைதான்: காடு, பசி, அருகில் நடப்பவன் நாளை இருப்பானோ என்னும் ஐயம். வாட்சண்டை வீரராகவே நாம் கண்டு பழகிய எரால் பிளின், இதில் களைத்த மனிதராக வருகிறார். அவர் நடித்தவற்றுள் இதுவே மேலானது என்போம்.

குறையும் உண்டு. படமெடுத்தது பர்மாவிலன்று, கலிபோர்னியாவில். போரையே அமெரிக்கர் நடத்தியதாகத் தோன்றச் செய்ததால் பிரிட்டனில் கண்டனம் கிளம்பி, ஒரே வாரத்தில் படம் நிறுத்தப்பட்டது. 1952-இல்தான் மீண்டும் வந்தது. அங்கே பொருத பதினான்காம் படையில் மிகப்பலர் இந்தியர். படத்திலோ அவர்களுக்கு ஓரத்திலேயே இடம்!

முடிவில் கேப்டன் நெல்சன், மாண்டவர்களின் பெயர்த்தகடுகளை மேலதிகாரி கையிற் கொடுக்கிறார். செக்ரோலில் பெயர் எழுதிப் பழகிய நமக்கு அக்காட்சி எளிதில் அகலவில்லை. 1942, 43-இல் போடப்பட்ட 415 கிலோமீட்டர் சயாம்-பர்மா ரயில்பாதைக்கு இத்தோட்டங்களிலிருந்து கொண்டுபோகப்பட்ட தமிழர் கழுத்தில் தகடு ஏதுமில்லை. திரும்பாதவர் எத்தனை பேரென்பதற்கு இன்றும் ஆளுக்கொரு கணக்கு.