எல்லைப்புறத்தில் ஒரு கைம்பெண்: மாதவையாவின் ‘கிளாரிந்தா’வை மீண்டும் வாசிக்கையில்

செங்கோட்டையிலிருந்து புளியரை வழியே ஆரியங்காவு நோக்கி ஏறும் சாலை பழைய எல்லைச் சாலை. மலைக்கு இப்புறம் இருந்தும், 1956 நவம்பர் முதல் நாள் வரையில் செங்கோட்டை மேற்கே உள்ளவர்களின் ஆட்சியையே சேர்ந்திருந்தது. இரு மொழிகளும் இரு அரசுகளும் உரசிக்கொள்ளும் இத்தகைய இடத்தில் அமர்ந்துகொண்டு எல்லைப்புறக் கதைகளை வாசிப்பது ஒரு தனி அனுபவம். சென்ற சாரல் பருவத்தில் அப்படி வாசிக்க நமக்கு வாய்த்தது. விடுமுறைக்கு வந்த உறவுப்பெண் ஒருத்தி, கல்லூரி விடுதியில் கைக்குக் கை மாறிய ஆங்கிலப் புதினம் ஒன்றை நம்மிடம் நீட்டி, “பெரியப்பா, இதில் தப்பாக ஒன்றுமே இல்லை, தைரியமாகப் படியுங்கள்” என்றாள்.

உண்மைதான், தப்பாக ஒன்றும் இல்லை. கனடா நாட்டு எழுத்தாளர் ஜெனட் ஓக் 1979-இல் வெளியிட்ட ‘லவ் கம்ஸ் சாஃப்ட்லி’ அது. அமெரிக்காவின் மேற்கு எல்லையில் குடியேற வந்த இளம்பெண் மார்ட்டி கணவனை இழக்கிறாள். அடக்கம் நடந்த அன்றே, போதகர் அவ்விடத்தில் இருக்கும்போதே, தாயற்ற மகளை வளர்க்கத் துணை தேடும் கிளார்க் என்னும் விவசாயி அவளை மணந்துகொள்ளக் கேட்கிறான். பெயரளவில் தொடங்கும் திருமணம் மெல்ல மெல்ல அன்பாகிறது. அவ்வன்பின் வழியே விசுவாசமும் வந்து சேர்கிறது. இப்புதினம் பெற்ற வரவேற்பு, விசுவாசக் காதற்கதை என ஒரு பெரும் வகையையே வளர்த்துவிட்டது. இதனை எள்ளி நகையாட நாம் விரும்பவில்லை. களைத்த மனத்துக்கு நல்ல மனிதர்களைக் காட்டுவது சிறிய தொண்டு அன்று. எனினும் ஒரு குறை நம்மை உறுத்திக்கொண்டே இருந்தது. காதலும் கடவுளும் ஒரே வண்டியில் ஏறி ஒரே வாசலில் வந்து இறங்குகிறார்கள். எப்போதும் அப்படித்தானா?

அந்த ஐயம்தான் அ. மாதவையாவின் ‘கிளாரிந்தா’வை மீண்டும் எடுக்கச் செய்தது. நெல்லைச் சீமைப் பெருங்குளத்தில் 1872-இல் பிறந்த மாதவையா, ‘பத்மாவதி சரித்திர’த்தாலும் ‘முத்துமீனாட்சி’யாலும் தமிழ்ப் புதினத்துக்கு அடித்தளமிட்டவர்களுள் ஒருவர். 1925-இல் சென்னைப் பல்கலைக்கழக ஆட்சிமன்றத்தில் தமிழைக் கட்டாயப் பாடமாக்க வேண்டிப் பேசிய அன்றே, அவ்விடத்திலேயே உயிர்நீத்தார். அப்படிப்பட்டவர் இக்கதையை 1915-இல் ஆங்கிலத்தில் எழுதினார் என்பது வேடிக்கைதான். பின்னாளில் சரோஜினி பாக்கியமுத்து அதனைத் தமிழாக்கித் தமிழ் வாசகர்க்கு உரியதாக்கினார்.

கதையின் வித்து வரலாறு. பதினெட்டாம் நூற்றாண்டில் தஞ்சையில் வாழ்ந்த மராட்டியப் பிராமணக் கைம்பெண் ஒருவர், கணவனின் சிதையில் ஏறவிருந்த நிலையில், கும்பினிப் படை அதிகாரி லிட்டில்டனால் காப்பாற்றப்பட்டார் என்பது மரபு. அவருடனேயே பாளையங்கோட்டைக்கு வந்து வாழ்ந்தார். அன்றைய பாளையங்கோட்டை, சுற்றிலும் பாளையக்காரர்கள் சூழ்ந்திருக்க, கும்பினியார் தெற்கே ஊன்றிய கோட்டை. மார்ட்டியின் புல்வெளிக்குச் சற்றும் குறையாத எல்லைப்புறம் அது. லிட்டில்டனிடமே அவர் ஆங்கிலமும் கிறிஸ்தவ மறையும் கற்றார். திருமுழுக்கு வேண்டி, அக்காலத்தில் தஞ்சை, திருச்சிப் பகுதிகளில் புகழ்பெற்றிருந்த லுத்தரன் போதகர் சுவார்ட்ஸ் ஐயரை நாடினார். மணமாகாமல் ஓர் ஆடவனோடு வாழ்பவருக்குத் திருமுழுக்கு அளிக்க இயலாது என ஐயர் மறுத்துவிட்டார். லிட்டில்டன் இறந்த பின்னரே, 1778-இல், கிளாரிந்தா என்னும் பெயருடன் அவர் கிறிஸ்தவர் ஆனார்.

ஜெனட் ஓக்கின் கதையில் போதகர் சரியான நாளில் சரியான இடத்தில் இருக்கிறார். இங்கே போதகர் இருக்கிறார். ஆனால் வாசல் மூடியிருக்கிறது. எந்தக் கை அவளை நெருப்பிலிருந்து இழுத்ததோ, எந்த வாய் அவளுக்கு நற்செய்தியைச் சொன்னதோ, அதே மனிதன் மீது கொண்ட அன்பே திருமுழுக்குத் தொட்டிக்கும் அவளுக்கும் இடையே நிற்கிறது. அமெரிக்கப் புதினம் தொடத் துணியாத முடிச்சு இது. மாதவையா அதனைத் தொடுகிறார் என்பதாலேயே அவரது நூலை உயர்ந்ததாகக் கருதுகிறோம்.

சுவார்ட்ஸ் ஐயர் செய்தது சரியா? அவரைக் கல்நெஞ்சர் எனத் தூற்றுவது எளிது. நாம் அதனைச் செய்யத் தயங்குகிறோம். ஆங்கிலேய அதிகாரிகள் இந்தியப் பெண்களை மணமின்றி வைத்துக்கொண்டு, தாயகம் திரும்புகையில் விட்டுச்செல்வது அன்றைய பாளையங்களில் சாதாரணமாக இருந்தது. அந்த வழக்கத்துக்குச் சபை முத்திரை குத்தலாகாது என அவர் எண்ணியிருப்பின் அதில் நியாயம் உண்டு. ஆயினும் தண்டனை யாருக்குப் போய்ச் சேர்ந்தது? அதிகாரி பிறப்பிலேயே கிறிஸ்தவர். அவர் வெளியே நிறுத்தப்படவில்லை. நின்றவள் அவள்.

இது பழங்கதை என்று வாசகர் கருத வேண்டாம். நம் பங்குகளிலும், ஞாயிறு தவறாமல் வந்து, நற்கருணை வேளையில் எழாமல் கடைசி வரிசையிலேயே அமர்ந்திருக்கும் பெண்களை நாம் அறிவோம். கைவிட்டுப் போனவன் ஒருவன், காப்பாற்றுகிறவன் மற்றொருவன், பங்கேட்டில் அதற்கு இடமில்லை. திருத்தந்தை பிரான்சிஸ் 2016-இல் வெளியிட்ட ‘அன்பின் மகிழ்ச்சி’ மடல், இத்தகையோரை ஒதுக்காமல் உடன்நடந்து தேர்ந்து தெளிய வேண்டும் என அருள்பணியாளரைக் கேட்டது. அதன் எட்டாம் அதிகாரத்தைப் படித்தவர்கள் ‘கிளாரிந்தா’வைப் படித்தால், நூறு ஆண்டுகளுக்கு முன்பே கிறிஸ்தவர் அல்லாத ஒருவர் அந்தக் கடைசி வரிசையை எவ்வளவு கூர்ந்து நோக்கியிருக்கிறார் என வியப்பர்.

மாதவையாவிடம் நமக்குக் குறையும் உண்டு. அவர் சீர்திருத்தவாதி. கைம்பெண்ணின் துயரம், சிதையின் கொடுமை, கல்வியின் விடுதலை இவற்றில் அவரது எழுதுகோல் கனன்று எரிகிறது. கிளாரிந்தா யாரை நேசித்தாள் என்பது நமக்கு நன்கு விளங்குகிறது. அவள் எப்படிச் செபித்தாள் என்பது அவ்வளவாக விளங்கவில்லை. அவளது விசுவாசம் ஒரு நல்ல மனிதன்பால் கொண்ட நன்றியின் நீட்சிபோலவே நின்றுவிடுகிறது. மீட்டவன் வராதிருந்தால் அவள் இறைவனைத் தேடியிருப்பாளா?

இக்கேள்விக்குப் பதில் தேடச் செங்கோட்டையைவிட்டு நகர வேண்டியதில்லை. இதே ஊரில் வாழ்ந்தவர் ஆவுடையக்காள். அவரும் பிராமணர், அவரும் இளமையிலேயே தாலி இழந்தவர். அவரை மீட்கக் குதிரையேறி எந்த அதிகாரியும் வரவில்லை. திருவிசைநல்லூர் ஸ்ரீதர ஐயாவாளின் உபதேசம் பெற்று, அத்வைத ஞானத்தைச் சமையலறைத் தமிழில் பாட்டாக்கினார். தீட்டு என்றும் எச்சில் என்றும் ஊர் ஒதுக்கியதைக் கேலி செய்து பாடினார். ஏடறியாப் பெண்கள் அவற்றை வாய்வழியே பல தலைமுறைகள் காத்தனர். குற்றால மலைக்குச் சென்றவர் திரும்பவில்லை என்பது ஊர்வழக்கு. அவரது கோட்பாடு நமது விசுவாசம் அன்று. ஆனால் ஒரு கைம்பெண்ணின் உள்ளம் ஆடவன் ஒருவன் துணையின்றியே எவ்வளவு தொலைவு செல்லும் என்பதை அவர் காட்டுகிறார். மாதவையாவின் கதைத்தலைவிக்கு அந்த ஆழத்தில் ஒரு பங்கேனும் கிடைத்திருக்கலாம்.

வரலாற்றுக் கிளாரிந்தா அம்மையாருக்கு அது இருந்திருக்க வேண்டும் என்றே நாம் நம்புகிறோம். லிட்டில்டன் மறைந்த பின்பும் அவர் தஞ்சைக்குத் திரும்பவில்லை. புதிய சபையைப் பேணினார். 1780-இல் எழுதப்பட்ட திருநெல்வேலிச் சபைப் பதிவேட்டில் நாற்பது பெயர்கள், முதற்பெயர் அவருடையது. 1785-இல் பாளையங்கோட்டையில் அவர் எழுப்பிய ஆலயத்தை அர்ச்சித்தவர், முன்பு வாசலை அடைத்த அதே சுவார்ட்ஸ் ஐயர்.

நூலைத் திருப்பித் தருகையில் உறவுப்பெண்ணிடம் ‘கிளாரிந்தா’வையும் சேர்த்துக் கொடுத்தோம். இரண்டு வாரம் கழித்து அவள் கேட்டது ஒன்றே: “அந்தக் கோயிலைப் பார்க்கலாமா, பெரியப்பா?” அழைத்துச் சென்றோம். வழிகேட்டபோது கிளாரிந்தா என்னும் பெயரைப் பலர் புரிந்துகொள்ளவில்லை. பெட்டிக்கடை முதியவர் ஒருவர்தான், “பாப்பாத்தி அம்மாள் கோயிலா?” என்று கேட்டு வழிகாட்டினார்.