காலத்திற்குக் காவல் போடுவோர்

கற்பனைக் கதை என்றாலே பொழுதுபோக்கு என்று ஒதுக்கிவிடுவது நம்மவரிற் பலருக்கு வழக்கம். ஆயினும் சில கற்பனைகள், நாம் கண்ணெதிரே வைத்துக்கொண்டும் காணாதிருப்பதை எடுத்துக் காட்டிவிடுகின்றன. ஐசக் அசிமோவ் என்னும் அமெரிக்க ஆசிரியர் 1955ஆம் ஆண்டில் வெளியிட்ட 'தி எண்ட் ஆஃப் எட்டர்னிட்டி', அதாவது 'நித்தியத்தின் முடிவு' என்னும் நாவல் அத்தகையது.

காலத்திற்குப் புறம்பே 'நித்தியம்' என்றொரு நிலையம். நூற்றாண்டுகளுக்குள் சென்று நோட்டமிடுவோர் சிலர். வரப்போவதைக் கணிப்போர் சிலர். கேடு வரும் என்று கணக்குச் சொன்னால், மிகச் சிறிய மாற்றமொன்றால் அதைத் தடுப்போர் சிலர். கதாநாயகன் ஆண்ட்ரூ ஹார்லன் இம்மூன்றாம் வகையினன். அவன் ஒரு வண்டியின் இயந்திரத்தைப் பழுதாக்குகிறான். ஒரு மாணவன் விரிவுரைக்குப் போக இயலாமற் போகிறது. ஒரு கண்டுபிடிப்பு பத்தாண்டு தாமதப்படுகிறது. அடுத்த நூற்றாண்டின் போரொன்று இல்லாமலே போகிறது. சிறு காரியத்தில் பெருவிளைவைக் காட்டும் இவ்விடம் ஆசிரியரின் திறமைக்குச் சான்று.

ஆனால் ஆபத்தையெல்லாம் விலக்கிக்கொண்டே போன மனிதகுலம், விண்மீன்களை எட்டவேண்டிய காலத்தில் எட்டாமல் தேய்ந்து அழிகிறது. ஆகவே நித்தியமே ஒழியவேண்டும் என்பது நூலின் முடிவு. இதுவே நூலின் உயிர்.

குறையும் உண்டு. நித்தியத்தில் பெண்களுக்கு இடம் மிக அரிது. பெண்ணைக் காலத்தினின்று பிரித்தெடுத்தால் உலக நடப்பு மிகுதியாகக் குலையுமாம்! கணக்கு என்ற பெயரில் இங்கே கட்டுப்பாடு புகுந்துவிடுகிறது. ஒழிவுக்கு வழிகாட்டுபவள் நோயிஸ் என்னும் பெண்ணே என்றாலும், அவளையும் பெரும்பாலும் ஹார்லனின் காதல் மயக்கத்தினூடாகவே காட்டுகிறார் ஆசிரியர்.

இனி, கதையை விட்டு நாம் வாழும் சிங்கப்பூருக்கு வருவோம். 1942இல் ஜப்பானியர் இத்தீவைப் பிடித்ததும் கடிகாரங்களை டோக்கியோ நேரத்திற்கு ஒன்றரை மணி முன்னே தள்ளினர். 1945இல் அது மாறிற்று. மலேசியா தன் இரு பகுதிகளுக்கும் ஒரே நேரம் வகுத்தபோது சிங்கப்பூரும் உடன் சென்றது; 1981 டிசம்பர் 31 இரவு 11.30 மணியே 12 மணியாகி, 1982 அரைமணி முந்திப் பிறந்தது. வானம் இடிந்து விழவில்லை.

அப்படியிருந்தும் நம் வீடுகளில் ஒரு நித்தியம் சுவரில் தொங்குகிறது. ராகு காலம் என்பது பகலை எட்டாகப் பங்கிட்டு, நாளுக்கொரு பங்கைக் கெட்டதென ஒதுக்குவது. காலை 6 மணிக்கு உதயம் எனக் கொண்டு, திங்கட்கிழமைக்கு 7.30 முதல் 9 வரை என்று அச்சிடுகிறார்கள். சிங்கப்பூரிலோ கதிரவன் உதிப்பது ஏறக்குறைய 7 மணிக்கு. அக்கணக்கின்படியே இங்கு அப்பங்கு 8.30க்குத் தொடங்கி 10க்கு முடியும். அச்சிட்ட மணியை நம்பி 9 மணிக்குமேல் துணிந்து புறப்பட்டவரெல்லாம் ராகுவின் வாயிலேயே புறப்பட்டவராவர்! அவர்களுக்கு அதனால் வந்த கேடு யாது? உள்ளூர் உதயத்தைக் கொண்டு கணிப்பதே முறை எனப் பஞ்சாங்கம் அறிந்தோர் கூறலாம். கணிப்பைத் திருத்திக்கொள்ளட்டும், நம் கேள்விக்கு அது விடையாகாது.

தோ பாயோ என்ற பெயருக்கே பெருஞ்சதுப்பு என்று பொருள். 1960களில் அங்கே அடுக்குமாடி நகரம் எழலாயிற்று. முன்பு குடியிருந்தோர் இடம்விட மறுத்ததும், பெயர்க்கப்பட்டதும் அதன் விலை. மாற்றம் விலையின்றி வருவதில்லை. அவ்விலையை மறைப்பதும் நேர்மையன்று. ஆனால் விலைக்கு அஞ்சி எதையும் தொடாதிருந்தால் சதுப்பு சதுப்பாகவே இருக்கும்.

அம்மாடிகளிலொன்றில் நேர்முகத் தேர்வுக்குப் புறப்படும் பெண்ணை, "ராகு காலம் கழியட்டும், அப்புறம் போம்மா" என்று வாசலில் நிறுத்தும் அன்புக் கையை எண்ணிப் பாருங்கள். வண்டியைப் பழுதாக்கிய ஹார்லனின் கையும் நன்மை கருதிய கைதான். அவனாவது ஒரு போரைத் தடுத்தான். இந்தக் கை தடுப்பது ஒரு பெண்ணின் பிழைப்பை மட்டுமே.