அகம் திரிந்த பாலை: செழியனின் ஒளிப்பதிவு

திரைப்படத்தைத் தமிழாய்வுக்கு உட்படுத்துவோர் பெரும்பாலும் கதை, உரையாடல், பாடல் என்பவற்றையே எடுத்துக்கொள்வர். ஒளிப்பதிவைத் தொழில்நுட்பம் என்று ஒதுக்குவர். அது பொருந்துமா என்பதே ஈண்டு நம் வினா.

தொல்காப்பியர் நிலத்தையும் பொழுதையும் முதற்பொருள் என்றார். திரையில் அவ்விரண்டையும் நம் கண்முன் நிறுத்துபவர் ஒளிப்பதிவாளர். ஆகவே அவர் பணி கதைக்குப் பின்னர்ப் பூட்டிய அணி அன்று, அதன் உறுப்பேயாம்.

இதற்குச் செழியனின் படங்கள் தக்க சான்று. பி.சி.ஸ்ரீராமிடம் பயின்று, ஆனந்த விகடனில் 'உலக சினிமா' தொடரை எழுதிய இவர், கல்லூரி (2007), தென்மேற்குப் பருவக்காற்று (2010), பரதேசி (2013), ஜோக்கர் (2016) முதலிய படங்களுக்கு ஒளிப்பதிவு செய்தார். பரதேசியில் ஊரைவிட்டுத் தேயிலைத் தோட்டத்துக்குச் செல்லும் கூலிகள் கடனால் கட்டுண்கின்றனர். ஜோக்கரில் அரைகுறையாய் எழுந்த கழிப்பறை ஒரு குடும்பத்தைச் சிதைக்கிறது. இரண்டிலும் இழக்கப்படுவது வாழுமிடமே. எனினும் பரதேசியில் மண்ணிறம் ஓங்கிய காட்சியழகு சிலவிடங்களில் துன்பத்தினும் முந்தித் தோன்றுகிறது. இதனைக் குறையென்றே கொள்வோம்.

அக்குறை 'டு லெட்' படத்தில் இல்லை. எழுத்து, இயக்கம், ஒளிப்பதிவு மூன்றும் செழியனுடையவை. தயாரிப்பும் அவர்தம் குடும்பத்தினது. பாடலும் பின்னணி இசையும் இல்லாத இப்படம் 65-ஆம் தேசியத் திரைப்பட விருதுகளில் சிறந்த தமிழ்ப் படமாகத் தேர்வுற்று, 2019 பிப்ரவரியில் திரைக்கு வந்தது. 2007-ஆம் ஆண்டுச் சென்னையில், தகவல் தொழில்நுட்ப வளர்ச்சியால் வாடகை ஏற, இளங்கோவும் அமுதாவும் தம் மகனோடு வேறு வீடு தேடுகின்றனர். சாதி, சமயம், உணவு, திரைத்தொழில் என ஒவ்வொன்றும் தடையாகிறது.

அகம் என்னும் சொல் உள்ளத்தையும் வீட்டையும் ஒருங்கே குறிக்கும். அவர்கள் வாழ்ந்துகொண்டிருக்கும் அறைகளை அயலார் வந்து பார்க்குங்கால் இரண்டு அகங்களும் ஒருசேரக் குலைகின்றன. இதனை உரையாடல் சொல்லவில்லை. குறுகிய அறையும் அதன் வாயிலும் காட்டிவிடுகின்றன. ஈண்டு நிலம் ஒரு வாடகை வீடு. பொழுது அதனைக் காலி செய்யக் குறித்த கெடு. முல்லையும் குறிஞ்சியும் இயல்பு திரிந்தவழிப் பாலையாகும் என்பது சிலம்பின் கொள்கை. வீடு தன் இயல்பு திரிந்தவழி நகரின் நடுவிலும் பாலை தோன்றும் என்பதைச் செழியன் ஒளியால் எழுதியுள்ளார்.

வேங்கிக்காலில் நம் மாணவரோடு இப்படத்தைக் கண்டபின், அறை தேடியபோது சாதி வினவப்பெற்றதை ஒருவர் கூறினார். அவையில் வியந்தார் எவருமிலர். திணை பழைய நூல்களோடு முடிந்ததன்று என்பதற்கு அவ்வமைதியே சான்று. ஒளிப்பதிவை விடுத்துத் திரையை ஆராய்தல், முதற்பொருளை விடுத்து அகப்பாட்டுக்கு உரை காண்பதனோடு ஒக்கும்.