பாவ்லோவா எதைக் கொண்டுவந்தார்?

அன்னா பாவ்லோவா சொல்லித்தான் ருக்மிணி தேவி நம்ம நடனத்தின் பக்கம் திரும்பினார், 1936-ல் கலாக்ஷேத்ரா பிறந்தது என்பார்கள். சரிதான். ஆனா ரஷ்ய பாலேன்னா ஒண்ணு இல்லையே, எது வந்தது?

1913-ல் பாரிஸில் தியாகிலெவ் குழு ஆடிய 'வசந்தத்தின் சடங்கு', ஸ்ட்ராவின்ஸ்கியின் முரட்டுத் தாளத்தில் பாலேவின் நளினத்தையே உடைத்தது. நவீன இசையும் நடனமும் அந்த வழியில் போயின. பாவ்லோவா அந்தக் குழுவில் கொஞ்ச காலம்தான் இருந்தார். ஸ்ட்ராவின்ஸ்கியின் இசை அவருக்கு ஒத்துவரவில்லை. ஆக, அடையாறுக்கு வந்தது பழைய நளினம்தான். பரதம் மேடையில் நேர்த்தியானது, மரியாதை பெற்றது. சிருங்காரம் ஒதுங்கியது.

அதை ஏற்காதவர் பாலசரஸ்வதி. ராயபுரத்தை ஒட்டிய ஜார்ஜ் டவுனில் வாழ்ந்த வீணை தனம்மாளின் பேத்தி. பாட்டும் அபிநயமும் அவருக்கு வேறு வேறல்ல. 1962-ல் அவர் அமெரிக்காவில் ஆடினார். மார்த்தா கிரஹாம், மெர்ஸ் கன்னிங்ஹாம் மாதிரி நவீன நடனக்காரர்கள் அவரைத்தான் கொண்டாடினார்கள்.

'திருத்த வேண்டிய' பழசு என்று நாம் ஒதுக்கியதை நவீனர்கள் தங்களுக்குச் சமமாகப் பார்த்தார்கள். பாவ்லோவாவுக்கு நன்றி சொல்லலாம். ஆனா கதையை அவரிடமிருந்து மட்டும் தொடங்கினா, ஜார்ஜ் டவுன் வீடு விட்டுப்போகும்.